திரைக்கு இந்தப் பக்கம் வந்தவள்

கிரகணம் பிடித்தால் எங்கள் தெருவில் தாம்பாளத்தில் மஞ்சள் கரைத்த தண்ணீரை ஊற்றி வைத்து, அதில் விழுகிற சூரியனைக் குனிந்து பார்ப்போம். அக்கா மட்டும் அண்ணாந்து பார்த்தாள்.

"கண்ணு அவிஞ்சி போயிடும்டி" என்று அவள் மாமியார் கத்தினாள்.

"தண்ணியில கெடக்குறது சூரியன் இல்ல அத்த, தண்ணிதான்" என்றாள் அக்கா.

அதன் பிறகு பல நாள் அவள் கண்ணிலிருந்து நீர் வடிந்துகொண்டே இருந்தது. நந்தியாவட்டைப் பூவைக் கண்ணில் ஒற்றிக்கொண்டே நடவுக்கு வந்தாள். "என்னக்கா தெரிஞ்சிது?" என்று கேட்டேன். "ஒண்ணும் தெரியல. இருட்டு. ஆனா நேரா பாத்தேன்ல" என்றாள்.

அக்கா என்றுதான் எழுதப்போகிறேன். பெயர் இருக்கிறது. அவள் பேரப் பிள்ளைகள் இப்போது படித்து நல்ல வேலைகளில் இருக்கிறார்கள், அவர்கள் கண்ணில் இது பட்டால் சங்கடம். கூடப் பிறந்தவள் இல்லை. என் வீட்டுக்காரருக்குப் பங்காளி முறையில் அண்ணன் ஒருவர் இருந்தார், அவர் பெண்சாதி. குடவாசலுக்குக் கிழக்கே வாய்க்காலை ஒட்டிய கூலிக்காரத் தெருவில் இரண்டு வீட்டுக்கும் நடுவே ஒரு கீற்றுத் தட்டிதான்.

நான் வாக்கப்பட்டு வந்த அன்று தலை குனிந்தது நெடுநாள் நிமிரவே இல்லை. அக்காதான் என் முகவாயைப் பிடித்துத் தூக்கினாள். "நிமிந்து பாரு புள்ள. நான் என்ன காளியாத்தாவா, கொடல உருவிடப் போறனா?" என்றாள். அவள் கண் பெரிய அழகு என்று சொல்ல முடியாது. ஆனால் ஆளைப் பார்த்தால் விடாது. பேசிக்கொண்டே வேறெங்கோ பார்க்கிற பழக்கம் அவளிடம் இல்லை. எதிரே இருப்பவர்தான் முதலில் பார்வையைத் திருப்ப வேண்டும்.

அது புது ஆட்சி வந்து, மேடைக்கு மேடை மைக் கட்டித் தமிழ் முழங்கிக்கொண்டிருந்த காலம். எங்கள் பக்கத்தில் அறுப்புக்கு அறுப்பு கூலி நெல்லுக்குச் சண்டை நடந்த காலமும் அதுதான். களத்தில் கூலி அளக்கும்போது பெண்கள் வரிசையாகக் குந்தி முந்தானையை ஏந்துவோம். பண்ணையின் காரியக்காரர் மரக்காலில் நெல்லை அள்ளி, ஓரத்தில் கட்டைவிரலை உள்ளே விட்டுக்கொண்டு அளப்பார். விரல் இருக்கிற இடத்து நெல் பண்ணைக்கு மிச்சம். எல்லோருக்கும் தெரியும், யாரும் பார்க்க மாட்டோம். அக்கா வரிசையில் குந்த மாட்டாள். அவருக்கு எதிரே போய் நின்று அந்தக் கட்டைவிரலையே பார்த்துக்கொண்டிருப்பாள். வாயே திறக்க மாட்டாள். அவள் நிற்கிற வரைக்கும் விரல் வெளியே இருக்கும்.

"என்னா இவ, சாமி கும்புடுற மாதிரி வந்து நிக்கிறா?" என்று காரியக்காரர் எரிந்து விழுவார்.

"நீங்க அளங்க. நான் சும்மாதான் பாக்குறேன்" என்பாள்.

ஒரு வருஷம் வெளியூர் ஆளை அறுப்புக்கு இறக்கினார்கள். எங்கள் ஆட்கள் மறித்ததில் போலீஸ் வந்தது. ஆண்களெல்லாம் வயலுக்குள் ஓடிவிட்டார்கள். பெண்களைத் தெருவில் தலையைக் கவிழ்த்து உட்கார வைத்தார்கள். அக்கா கவிழ்க்கவில்லை.

"என்னாடி மொறைக்கிற?" என்றார் வந்த அதிகாரி.

"மொறைக்கலய்யா. நாளைக்கு அடையாளம் கேட்டா சொல்லணும்ல, அதான் மூஞ்சிய பாத்து வச்சிக்கிறேன்."

அவர் லத்தியை ஓங்கினார். இவள் கண்ணை மூடவில்லை. அடி தோளில் விழுந்தது. அந்தக் கையைத் தூக்கித் தலை வார முடியாமல் நெடுநாள் நான்தான் அவளுக்குச் சடை போட்டுவிட்டேன்.

அவள் வீட்டுக்காரரை நான் மாமா என்பேன். கூப்பிட்டது கிடையாது, முறைக்குச் சொல்கிறேன். புருஷனுக்கு மூத்தவர் எதிரே நாங்கள் நிற்க மாட்டோம். அவர் வந்தால் நான் தட்டிக்குப் பின்னால் போய்விடுவேன். மாமா எங்கள் தெருச் சங்கத்தில் முன்னால் நிற்கிறவர். செங்கொடி அவர் கையில்தான் இருக்கும். மேடையில் ஏறினால் ஒலிபெருக்கி தேவையில்லை. வீட்டில் சாதுவான மனுஷன். அக்காவின் தோளுக்கு எண்ணெய் காய்ச்சித் தடவியது அவர்தான். தட்டி ஓட்டை வழியாக நான் பார்த்திருக்கிறேன். "நீ ஏண்டி குனிய மாட்டேங்குற?" என்று அவர் கேட்பார். "குனிஞ்சா ஒன் காலுதான் தெரியுது" என்பாள். அவர் சிரிப்பார். இரண்டு பேருக்கும் அவ்வளவு ஆசை. தெருவே கேலி பேசும்.

அந்த ஆசைதான் அவளுக்கு வினையானது. பெற்றது ஆறு, தங்கியது நான்கு. ஆறாவது, பிறந்த சூடு ஆறுவதற்குள் போய்விட்டது. அக்காவும் சாவு வரைக்கும் போய்ப் பிழைத்து வந்தாள். தஞ்சாவூர் ஆஸ்பத்திரியில் இருந்த டாக்டரம்மா, "இனி ஒண்ணு உண்டானா நீ மிஞ்ச மாட்டே" என்று சொல்லி அனுப்பினார். பெண்ணுக்கு அறுத்துக் கட்டுகிற ஆபரேசன் அப்போதும் இருந்தது. ஆனால் இவள் உடம்பில் ரத்தமே இல்லை, தாங்காது என்றும் அவரே சொல்லிவிட்டார். "ஒன் வீட்டுக்காரர் பண்ணிக்கலாம். அது சின்ன வேலை" என்றாராம்.

அதை மாமாவிடம் எப்படிச் சொல்வது? எங்கள் ஆண்கள் அந்த ஆபரேசனைக் காளைக்குக் காயடிப்பதோடு சேர்த்துப் பேசினார்கள். மாமாவே மேடையில், "கூலி ஒசத்திக் கேட்டா பண்ணைக்கு வலிக்குது. அதனால கேக்குற ஆளையே பொறக்க விடாம பண்றான்" என்று பேசிக் கைதட்டு வாங்கியிருந்தார்.

அந்த நேரத்தில்தான் படவண்டி வந்தது.

சுகாதாரத் துறை வண்டி. பக்கவாட்டில் குடும்பக் கட்டுப்பாட்டுச் சிவப்பு முக்கோணம் போட்டிருக்கும். சாயங்காலம் களத்தில் இரண்டு மூங்கில் நட்டு வெள்ளைத் துணி கட்டினார்கள். நாற்காலிகளில் பண்ணையின் காரியக்காரரும் பஞ்சாயத்துத் தலைவரும் உட்கார்ந்தார்கள். எங்கள் ஆண்கள் அவர்களுக்குப் பின்னால் தரையில். பெண்களுக்கு இடம் துணிக்குப் பின்பக்கம். எந்தப் படம் போட்டாலும் எங்கள் ஊரில் அப்படித்தான். துணி மெல்லியது, படம் பின்னாலும் தெரியும். ஆண்களும் பெண்களும் ஒரே படத்தைப் பார்ப்பார்கள், ஒருவரை ஒருவர் பார்க்க முடியாது.

முதலில் பெரிய எழுத்துகள் வந்தன. எங்கள் பெண்களில் ஐந்தாவது வரை படித்தவள் நான் ஒருத்தி. "என்ன எழுதியிருக்கு, படி" என்று எல்லோரும் என் பக்கம் திரும்பினார்கள். எனக்கு ஒரு எழுத்தும் பிடிபடவில்லை. பழகின எழுத்துகள்தான், ஆனால் எல்லாம் முதுகைக் காட்டிக்கொண்டு நின்றன. கல்யாணமானதில் படிப்பு மறந்துபோய்விட்டது என்று நினைத்து எனக்கு அழுகை வந்துவிட்டது.

படத்தில் ஒரு விவசாயி ஏர் ஓட்டிவிட்டு வந்தான். பெண்சாதி சோறு போட்டாள். அவன் இடது கையால் பிசைந்து சாப்பிட்டான். பெண்கள் பக்கம் ஒரே சிரிப்பு.

"த்தூ, பீச்சாங்கையால திங்கிறான் பாருடி."

"வெவசாயின்னு வேசம் போட வச்சா இப்பிடித்தான். ஏரப் புடிச்சிருக்கவே மாட்டான்."

பிறகு புருஷனும் பெண்சாதியும் அறைக்குள் போய்க் கதவைச் சாத்தினார்கள். அந்தப் பக்கம் ஆண்கள் விசில் அடித்தார்கள். இந்தப் பக்கம் பாதிப் பேர் முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டார்கள். அடுத்து ஒரு ஆணின் உடம்பைக் கோட்டுச் சித்திரமாகப் போட்டுக் காட்டினார்கள். துணிமணி இல்லாமல், உள்ளே ஓடுகிற குழாய்களோடு. ஒரு கிழவி காறித் துப்பிவிட்டு எழுந்து போனாள். டாக்டர் கத்தியை எடுத்தார். அவரும் இடது கையில் எடுத்தார்.

"டாக்டரும் பீச்சாங்கையா? இவங்கிட்ட எவன் போயிப் படுப்பான்?" என்று ஒருத்தி சொல்ல, மறுபடியும் சிரிப்பு.

அக்கா சிரிக்கவில்லை. கண்ணைச் சுருக்கிப் பார்த்துக்கொண்டிருந்தவள், "ஏய், கை சரியாத்தான் இருக்கு. நாம பொறத்தால ஒக்காந்து பாக்குறோம்டி" என்றாள்.

எழுத்துகள் ஏன் முதுகைக் காட்டின என்று எனக்கு அப்போதுதான் புரிந்தது. அதற்குள் அவள் எழுந்துவிட்டாள். நான் முந்தானையைப் பிடித்தேன். "அக்கா, வேணாங்க்கா." அவள் உதறிக்கொண்டு மூங்கிலைச் சுற்றி அந்தப் பக்கம் போனாள்.

துணிக்கும் தரைக்கும் நடுவே இருந்த இடைவெளியில் அவள் கால்கள் நடந்து போவதைப் பார்த்தேன். நாற்காலிகளைத் தாண்டின. மாமாவின் பக்கத்தில் போய் மடங்கின.

படத்தில் பேசுகிற குரல் மட்டும் கேட்டது. அப்புறம் காரியக்காரரின் குரல். "என்னாப்பா சங்கம், பொண்டாட்டி நேர்ல வந்து அளவு பாத்துட்டுப் போறா போலருக்கு?"

களமே கொல்லென்று சிரித்தது.

"எந்திரிச்சிப் போடி" என்றார் மாமா. கெஞ்சுகிற மாதிரி இருந்தது.

"பாத்துட்டுப் போறேன். ஆசையில்லாமயா ஆறு பெத்தோம்? அந்த ஆசையும் போவாது, புள்ளையும் வராதுங்கிறான். இதப் பாக்காம வேற எதப் பாக்குறது?"

அவள் மெல்லத்தான் சொன்னாள். அது எல்லோருக்கும் கேட்டது. காரியக்காரர் இன்னும் ஏதோ சொன்னார். பெண்ணைப் பற்றிச் சொல்லக் கூடாத வார்த்தை. சங்கத்துப் பையன்கள் பாய்ந்தார்கள். நாற்காலி பறந்தது. யாரோ எறிந்த மண்கட்டி துணியில் விழுந்து, டாக்டரின் முகத்தில் அழுக்காக ஒட்டியது. மூங்கில் சாய்ந்தது. படவண்டிக்காரர் இயந்திரத்தை நிறுத்திவிட்டார். படம் அந்த மட்டோடு நின்றுபோனது.

மறுநாள் சங்கம் கூடி, இந்தப் படம் இனி ஊருக்குள் வரக் கூடாது என்றது. ஊர்ப்பெண்களைக் கெடுக்கிறது என்று பண்ணையும் அதையே சொன்னது. எனக்கு நினைவு தெரிந்து இரண்டு தரப்பும் ஒத்துப்போனது அது ஒன்றில்தான்.

அதற்குப் பிறகு நடந்ததை அக்கா என்னிடம் மட்டும் சொன்னாள். நாற்று முடி கட்டிக்கொண்டே சொன்னாள்.

"என் மூஞ்சிய பாத்துச் சொல்லு, நான் இருக்கணுமா வேணாமான்னு கேட்டேன் புள்ள. ரொம்ப நேரம் பாத்துச்சி. விடிஞ்சதும் தஞ்சாவூர்ல சங்கக் கூட்டம்னு சொல்லிட்டு பஸ் ஏறிடுச்சி. பண்ணிக்கிட்டு வந்துடுச்சி."

"மாமாவா?"

"சத்தம் போடாத. தெரிஞ்சா தெருவுல நடக்க முடியாது அதால."

மாமா அங்கே தலையில் துண்டைப் போட்டுக்கொண்டு படுத்திருக்கிறார். முடிந்ததும் ஒரு நர்ஸம்மா எல்லோரையும் உட்கார வைத்து ஏதோ விளக்கிச் சொல்லி, ஆளுக்குக் கொஞ்சம் ரப்பர் உறைகள் கொடுத்திருக்கிறார். சின்ன வயசுப் பெண். ஒரு பெண் வாயால் அதைக் கேட்கக் கூசி, மாமா கடைசியில், காதில் விழாத தூரத்தில் போய் நின்றுகொண்டார். தெரிந்தவர் யாராவது பார்த்துவிடுவார்களோ என்று வாசலையே பார்த்துக்கொண்டிருந்தார். வருகிற வழியில் வெட்டாற்றுப் பாலத்தில் இறங்கி, உறைகளை ஆற்றில் போட்டுவிட்டார். அதுதான் அறுத்தாகிவிட்டதே, இது எதற்கு என்று.

ஊருக்கு முள் குத்திக் கால் வீங்கிவிட்டது என்று சொல்லிக் கொஞ்ச நாள் படுத்திருந்தார். அக்கா அவருக்கு நண்டு ரசம் வைத்தாள். அந்த நாட்களில் அவள் முகம் தெளிந்திருந்தது. வாய்க்காலில் துணி துவைக்கும்போது பாடக்கூடச் செய்தாள். தொண்டை நன்றாக இருக்காது. அதைப் பற்றி அவளுக்குக் கவலை கிடையாது.

நடவு முடிந்து களை எடுக்கும்போது அவள் வயலிலேயே வாந்தி எடுத்தாள்.

நான் அவள் முகத்தைப் பார்த்தேன். அவளும் என்னைப் பார்த்தாள். "பித்தம்" என்றாள். அடுத்த நாளும் எடுத்தாள்.

தெருவில் எல்லோரும் மாமாவைக் கேலி செய்தார்கள். "மேடையில பேசுனத செஞ்சி காட்டிட்டாருப்பா நம்மாளு. பண்ணையக் கண்டு பயப்படல!" என்று சங்கத்துப் பையன்கள் தோளில் தட்டினார்கள். அவர் சிரித்தார். அந்தச் சிரிப்பை நான் தட்டி ஓட்டை வழியாகப் பார்த்தேன். பல் மட்டும் தெரிந்தது.

மற்ற வீடாக இருந்தால் கூச்சல் கேட்டிருக்கும். இங்கே சத்தமே இல்லை. சந்தேகப்பட்டு ஒரு வார்த்தை வெளியே விட்டால், தான் படுத்து எழுந்த கதையையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். அதனால் அவர் பேசவில்லை. அவர் மானம் போய்விடும் என்று அவளும் பேசவில்லை. கட்டைவிரலைப் பார்க்கப் போய் நிற்கிறவள், இதில் மட்டும் வாயைக் கட்டிக்கொண்டாள். மாமா படுக்கையைச் சங்கக் கொட்டகைக்குக் கொண்டுபோனார். நெல் காவல் என்றார்.

"என்னைய ஒரு வார்த்த கேட்டா பதில் சொல்லுவேன் புள்ள. கேக்க மாட்டேங்குது. சோறு போட்டா தட்டப் பாக்குது. என்னையப் பாக்கல" என்றாள்.

சூள் கொட்டினேன்.

ஒரு நாள் அவளே சொன்னாள். "படம் பாதியில நின்னுச்சில்ல? மீதியில என்னமோ இருக்கு. இல்லாட்டி எனக்கு எப்படி இது வரும்? நான் ஒருத்தர் நெழலையும் மிதிக்கல. மீதிய பாக்கணும்."

படவண்டி தரங்கம்பாடிக் கரையில் நிற்கிறது என்று உப்புக்காரி ஒருத்தி சொல்லித் தெரிந்தது. எனக்கு அங்கே ஒரு சித்தி இருந்தாள். சித்திக்கு உடம்பு சரியில்லை, துணைக்கு அக்காவைக் கூட்டிப்போகிறேன் என்று என் வீட்டில் சொன்னேன். மாயவரம் போய் பஸ் மாறினோம். அக்காவுக்கு வயிறு நன்றாகத் தெரிந்தது. கால் இரண்டும் வீங்கியிருந்தன. பஸ் குலுங்கும்போதெல்லாம் முன்சீட்டுக் கம்பியை இறுகப் பிடித்துக்கொண்டாள்.

கோட்டைக்குப் பக்கத்தில் மணலில் துணி கட்டியிருந்தார்கள். அங்கே பெண்கள் பின்னால் உட்காரவில்லை. மீன்கூடைகளைக் கவிழ்த்துப் போட்டு, ஆண்களுக்குப் பக்கவாட்டில் முன்னாலேயே உட்கார்ந்திருந்தார்கள். எங்களுக்கும் ஒரு கூடை கொடுத்தார்கள். படம் தொடங்கியது. எழுத்துகள் நேராக நின்றன. விவசாயி வலது கையால் சாப்பிட்டான்.

கடல்காற்று துணியை முன்பக்கமாக உப்ப வைத்தது. அந்தக் கோட்டுச் சித்திர ஆணின் வயிறு பெரிதாவதும் ஒட்டுவதுமாக இருந்தது. சிலர் சிரித்தார்கள். அக்கா இரண்டு கையையும் தன் வயிற்றில் வைத்துக்கொண்டு, இமை கொட்டாமல் பார்த்தாள். டாக்டர் கத்தியை எடுத்தார். எங்கள் ஊரில் நின்ற இடம் வந்தது. தாண்டியது. அந்த ஆள் நெல்மூட்டை தூக்கினான். மறுபடி கதவைச் சாத்தினார்கள். பிறகு ஒரு நர்ஸ் வந்து ஏதோ சொன்னாள். அலைச்சத்தத்தில் ஒன்றும் கேட்கவில்லை. அவள் சொல்லி முடித்ததும் எழுத்துகள் வந்தன.

"என்னா போட்டுருக்கான்? சத்தமா படி" என்றாள் அக்கா.

அத்தனை பேர் நடுவில் நான் வாய் திறந்தது இல்லை. இன்றைக்கும் கல்யாண வீட்டில் தண்ணீர் கேட்க எனக்குக் கூச்சம்தான். அன்றைக்குப் படித்தேன். "சிகிச்சை செய்துகொண்ட பின் மூன்று மாதம் வரை கரு உண்டாகக்கூடும். அதுவரை தம்பதிகள் உறை அணிந்து எச்சரிக்கையாக இருக்க வேண்டும்."

"இன்னொரு தரம் படி தங்கச்சி. காத்துல வுழல" என்றாள் பின்னால் இருந்த மீன்காரி. இன்னொரு தரம் படித்தேன்.

அக்கா அழவில்லை. துணியில் எழுத்துகள் மறைந்த பிறகும் அங்கேயே பார்த்துக்கொண்டிருந்தாள். "இத மொதல்ல போட்டிருக்கக் கூடாதா?" என்றாள். கொஞ்சம் கழித்து, "நான் எந்திரிச்சி வராம இருந்திருந்தா படம் அன்னிக்கே ஓடி முடிஞ்சிருக்கும்" என்றாள்.

ஊருக்கு வந்து மாமாவிடம் சொன்னாள். அவர் தட்டைப் பார்த்துக்கொண்டே, "எந்த ஊருல என்ன படத்தப் பாத்தியோ. நீ சொன்னா ஆச்சா?" என்றார்.

"வா, கூட்டிட்டுப் போயி காட்டுறேன்."

"நான் போயி அந்தப் படத்து முன்னாடி நிக்கவா? கட்சிக்காரன் ஒருத்தன் பாத்தா போதும்."

"நான் மட்டும் பாக்கல. படிச்சது அவ" என்று சொல்லிவிட்டு, அக்கா தட்டிப் பக்கம் திரும்பி என்னைக் கூப்பிட்டாள். "வந்து சொல்லு புள்ள."

நான் அவர்கள் வீட்டுக் கதவுக்குப் பின்னால் போய் நின்றேன். முன்னால் வர முறையில்லை. "ஆமாம் மாமா. நாந்தான் படிச்சேன். மூணு மாசம் வரைக்கும் உண்டாவும்னு போட்டிருந்திச்சி" என்றேன். அவரிடம் நான் பேசிய முதல் பேச்சு அதுதான்.

கதவிடுக்கில் அவர் கை தெரிந்தது. பிசைந்த சோறு அப்படியே விரலில் காய்ந்துகொண்டிருந்தது.

"இந்தப் பொண்ணுக்கும் தெரியுமா?" என்றார்.

அக்கா தண்ணீர்ச் செம்பை அவர் பக்கம் நகர்த்துகிற சத்தம் கேட்டது.

"எல்லாம் தெரியுமா?"

"அவ யாருகிட்டயும் சொல்ல மாட்டா."

தட்டிலேயே கையைக் கழுவிவிட்டு அவர் எழுந்து போனார். நாங்கள் சொன்னதை நம்பினார் என்றுதான் நினைக்கிறேன். நம்பினதால் எதுவும் சரியாகவில்லை. அக்காவின் மீது இருந்த சந்தேகம் போய், அந்த இடத்தில் வேறொன்று வந்து உட்கார்ந்துகொண்டது. கொட்டகையிலிருந்து படுக்கை திரும்பி வரவில்லை. அதன் பிறகு என் வீட்டு வாசலைத் தாண்டும்போது அவர் துண்டைத் தலையில் போட்டுக்கொள்வார். வெயில் இல்லாத நாளிலும்.

பெண் குழந்தை பிறந்தது. டாக்டரம்மா சொன்னபடி அக்கா செத்துவிடவில்லை. ஆனால் அந்தப் பிரசவத்தில் விழுந்த உடம்பு எழுந்திருக்கவும் இல்லை. நடவுக்கு வந்தால் நாலு முடி நடுவதற்குள் வரப்பில் உட்கார்ந்துவிடுவாள். குழந்தை வளர வளர மாமாவை உரித்து வைத்தது. அதே அகன்ற நெற்றி, அதே மடங்கின காது மடல். "அப்பன அச்சுல வார்த்தாப்புல இருக்கு" என்று தெரு முழுக்கச் சொன்னது. மாமாவின் காதிலும் விழாமல் இருக்காது. அவர் மேடையில் பேசினார், ஊர்வலம் போனார், எங்கள் தெருவுக்குக் குடிமனைப் பட்டா வாங்கித் தந்தவர்களில் அவரும் ஒருவர். வீட்டுக்கு அரிசி பருப்பு தவறாமல் வந்துவிடும். அந்தப் பெண்ணைப் பெயர் சொல்லி அவர் கூப்பிட்டு நான் கேட்டதில்லை. அக்காவின் முகத்தை ஏறெடுத்துப் பார்த்தும் நான் பார்த்ததில்லை.

அவள் விடவில்லை. அவர் சாப்பிட வரும்போதெல்லாம் எதிரே உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருப்பாள். "என்னைக்காவது நிமிரும்ல" என்பாள் என்னிடம். வருஷம் போக அதையும் சொல்லாமல் விட்டாள். பார்ப்பதை மட்டும் விடவில்லை.

அந்தப் பெண் பாவாடை சட்டையோடு பள்ளிக்கூடம் போய்வந்த வயதில், ஒரு தை மாசம், அறுப்பு நடந்துகொண்டிருக்கும்போது அக்கா போனாள். காய்ச்சல் என்றார்கள். எங்களுக்கெல்லாம் தெரியும், அது வெகு நாளாகப் போய்க்கொண்டிருந்த உயிர்.

வாசலில் வைத்துக் குளிப்பாட்டினோம். பெண் பிணம் என்பதால் சுற்றிலும் சேலையை விரித்துப் பிடித்து மறைப்புக் கட்டினோம். ஒரு முனை என் கையில். இன்னொரு முனையை அந்தப் பெண் பிடித்திருந்தாள். ஆண்களெல்லாம் சேலைக்கு அந்தப் பக்கம். துணியின் அடியில் மாமாவின் கால்கள் தெரிந்தன. எவ்வளவு நேரமானாலும் அசையாமல் ஒரே இடத்தில் நின்றன.

பாடையில் வைத்ததும் சேலையை இறக்கினோம். "மொகம் பாக்குறவங்க வந்து பாத்துக்குங்க. இனிமே மூடிடுவோம்" என்று வெட்டியான் குரல் கொடுத்தான். பிள்ளைகள் பார்த்தார்கள். நான் பார்த்தேன். அவள் கண்ணை யாரோ நன்றாக அழுத்தி மூடியிருந்தார்கள். அது இல்லாமல் அந்த முகம் வேறு யாருடையதோ போல இருந்தது.

கடைசியில் மாமா வந்தார். தலைத்துண்டை எடுத்தார். குனிந்து பார்த்தார். நெற்றி, மூக்கு, வாய் என்று ஒவ்வொன்றாகப் பார்த்தார். இனி அவள் பார்க்க மாட்டாள் என்று தெரிந்த பிறகு பார்த்தார். ஓயாமல் பார்த்துக்கொண்டே நின்றார். "போதுங்கய்யா, வெயிலு ஏறுது" என்று வெட்டியான் சொல்ல வேண்டியிருந்தது.

நிமிர்ந்தார். பாடைக்கு அந்தப் பக்கம் அந்தப் பெண் நின்றுகொண்டிருந்தாள். ஈரச் சேலையைக் கையில் சுருட்டி வைத்துக்கொண்டு, அவருடைய நெற்றியும் அவருடைய காதுமாக, இமை கொட்டாமல் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

மாமா துண்டை எடுத்துத் தலையில் போட்டுக்கொண்டார்.